டெத் ரேஸ் 2: முடிவு முன்பே தெரிந்த முன்கதையில் பார்ப்பதற்கு என்ன இருக்கிறது?

நிலாமுற்றம் கேட்டது:

வணக்கம். 2008ஆம் ஆண்டு திரையரங்குகளில் வெளிவந்த டெத் ரேஸ் படத்தைப் பல ஆண்டுகளுக்குப் பிறகு மீண்டும் பார்த்தேன். மறுநாள் இரவே, திரையரங்குக்கு வராமல் நேரடியாக டிவிடியில் வெளியிடப்பட்ட அதன் முன்கதையான டெத் ரேஸ் 2 படத்தை முதன்முறையாகப் பார்த்தேன். அடுத்தடுத்துப் பார்த்ததால் எழுந்த ஐயங்களை இங்கே வைக்கிறேன். கதை முடிவுகளைப் பற்றியும் பேச வேண்டியிருப்பதால், படங்களை இன்னும் பார்க்காதவர்கள் இந்த இழையைப் பிறகு படிக்கலாம்.

முதல் ஐயம் கதைத் தொடர்ச்சியைப் பற்றியது. சிறைத்தீவு ஒன்றில் கைதிகள் ஆயுதம் பொருத்திய கார்களில் ஒருவரையொருவர் கொன்று ஓட்டும் மரணப் பந்தயம்தான் இந்தப் படங்களின் களம். 2008ஆம் ஆண்டுப் படத்தின் தொடக்கப் பந்தயத்தில் ஃபிராங்கன்ஸ்டைன் என்ற முகமூடி ஓட்டுநரின் கார் நொறுங்கி, அவர் இறந்துபோகிறார். நான்கு பந்தயங்களை வென்றவர் அவர். ஐந்தாவதையும் வென்றிருந்தால் விடுதலை பெற்றிருப்பார். அவருடைய முகத்தை நாம் பார்ப்பதில்லை, குரலை மட்டுமே கேட்கிறோம். அது முதிர்ந்த ஒருவரின் குரல். முன்கதையிலோ, லூக் காஸ் நடித்த கார்ல் லூகாஸ் என்பவன் தீயில் வெந்த முகத்தோடு அதே முகமூடியை அணிந்து ஃபிராங்கன்ஸ்டைன் ஆகிறான். இவர்கள் இருவரும் ஒருவர்தானா? ஒருவர்தான் என்றால், ஒன்றரை மணி நேரத்துக்கும் மேலாக நாம் பின்தொடர்ந்த அந்த மனிதன், முதற்படத்தின் தொடக்கத்திலேயே பெயர்கூடத் தெரியாமல் செத்துப்போகிறான் என்றாகிவிடுகிறது. அதை என்னால் எளிதில் ஏற்க முடியவில்லை.

இரண்டாவது ஐயம் இன்னும் அடிப்படையானது. மரணப் பந்தயம் தொடங்கிவிடும் என்பதும், நாயகன் முகத்தை இழந்து முகமூடிக்குள் போவான் என்பதும் முதற்படத்தைப் பார்த்தவருக்கு முன்பே தெரியும். அப்படியிருக்க, ஒரு முன்கதையில் பார்ப்பதற்கு என்ன மிஞ்சுகிறது? பெயரைக் காட்டி வட்டு விற்பதற்காக எடுத்த படம் இது என்று என் தம்பி அடித்துச் சொல்கிறான். ஆனால் படத்தின் முற்பகுதியில் வரும் கூண்டுச் சண்டைகள், பிற்பகுதியில் வரும் கார்ப் பந்தயத்தைவிட என்னை ஆழமாகக் கலக்கின. ஏன் என்று எனக்கே விளங்கவில்லை. இந்த வரிசைப் படங்களை நன்கு அறிந்தவர்கள் விளக்க வேண்டுகிறேன்.

பழையசுருள் எழுதியது:

உங்கள் முதல் ஐயத்துக்கு விடை மூன்றாவது படத்தில் இருக்கிறது. 2013இல், அதுவும் நேரடியாக வட்டில் வெளிவந்த டெத் ரேஸ் 3: இன்ஃபெர்னோ, கதைக் காலப்படி முன்கதைக்கும் 2008ஆம் ஆண்டுப் படத்துக்கும் இடையில் அமைகிறது. முன்கதையை இயக்கிய ரூல் ரைனேதான் இதையும் இயக்கினார். லூக் காஸும் டேனி ட்ரெஹோவும் விங் ரேம்ஸும் தொடர்ந்து நடித்தார்கள். பந்தயம் சிறைத்தீவை விட்டுக் கலஹாரிப் பாலைவனத்துக்குப் போகிறது. பந்தயத்தை நடத்தும் நிறுவனத்தை அதன் தலைவர் வேலேண்டிடமிருந்து (விங் ரேம்ஸ்) பறித்துக்கொள்ளும் நைல்ஸ் யார்க் என்ற செல்வந்தனாக டக்ரே ஸ்காட் நடித்திருக்கிறார். ஏற்கெனவே நான்கு வெற்றிகளைப் பெற்றுவிட்ட லூகாஸ் ஐந்தாவதிலும் வென்று விடுதலையாகிவிட்டால், உலகம் முழுவதும் விற்பனையாகும் ஃபிராங்கன்ஸ்டைன் என்ற பெயர் கையை விட்டுப் போய்விடும் என்பதால், தோற்கும்படி யார்க் அவனை மிரட்டுகிறான். முடிவில் இடம் மாறுகிறது: தீயில் வெந்து அடையாளம் தெரியாமல் போகும் யார்க்கை எல்லோரும் ஃபிராங்கன்ஸ்டைன் என்று நம்பிவிட, லூகாஸ் தப்பித்துவிடுகிறான். ஆகவே 2008ஆம் ஆண்டுப் படத்தின் தொடக்கத்தில் இறப்பவன் உங்கள் லூகாஸ் அல்லன். அந்த முகமூடிக்குள் இருப்பவன் யார்க். நான்கு வெற்றிகளும் முகமூடியின் கணக்கில் நிற்கின்றன, ஆள்தான் மாறியிருக்கிறான்.

இந்த ஆள்மாற்றத்தை முடிச்சை அவிழ்ப்பதற்காகக் கடைசி நேரத்தில் செய்த ஒட்டுவேலை என்று சிலர் குறை சொல்கிறார்கள். நான் அப்படி நினைக்கவில்லை, ஏனென்றால் இந்த எண்ணம் 1975இலேயே இருக்கிறது. ரோஜர் கார்மன் தயாரித்து பால் பார்ட்டெல் இயக்கிய டெத் ரேஸ் 2000தான் இந்த வரிசைக்கு மூலம். அதற்கும் மூலம் ஐப் மெல்க்கியோர் 1956இல் எழுதிய சிறுகதை. கார்மனின் படத்தில் ஃபிராங்கன்ஸ்டைனாக நடித்தவர் டேவிட் காரடைன். ஒவ்வொரு விபத்துக்குப் பிறகும் உறுப்புகளை மாற்றி மாற்றிப் பொருத்தி உயிர் பிழைத்து வருபவன் என்று அரசு அவனைப் பற்றிப் பெருமை பேசுகிறது. அவனோ தன் பக்கத்தில் அமரும் பெண்ணிடம் உண்மையைச் சொல்லிவிடுகிறான்: அந்தப் பெயரைச் சுமந்தவர்கள் பலர், ஒருவன் இறந்ததும் அரசின் காப்பில் வளர்ந்து பந்தயத்துக்கென்றே பயிற்சி பெற்ற இன்னொருவன் இரகசியமாக அந்த இடத்தில் வைக்கப்படுகிறான், தானும் அந்த வரிசையில் ஒருவன் மட்டுமே. 2008ஆம் ஆண்டுப் படத்தில் ஜேசன் ஸ்டேதம் நடித்த ஜென்சன் ஏம்ஸ் இறந்தவனின் முகமூடியை அணிந்து ஓட்டுவதும் இதே வழக்கத்தின் தொடர்ச்சிதான். ஆக, இந்த வரிசையில் ஃபிராங்கன்ஸ்டைன் என்பது ஒரு பதவி. முன்கதை அந்தப் பதவியின் முதல் ஆளைக் காட்டுகிறது.

குரலைப் பற்றிக் கேட்டீர்கள். 2008ஆம் ஆண்டுப் படத்தில் நீங்கள் கேட்ட அந்த முதிர்ந்த குரல் டேவிட் காரடைனுடையதேதான். முப்பத்து மூன்று ஆண்டுகளுக்கு முன் தானே அணிந்த முகமூடிக்கு அவர் குரல் மட்டும் கொடுத்துச் செய்த மரியாதை அது; அந்தக் காட்சியை எத்தனை முறை பார்த்தாலும் எனக்கு மெய்சிலிர்க்கும். அவர் 2009 ஜூனில் பாங்காக்கில் காலமானார். முன்கதை வட்டில் வெளிவந்தது 2010 டிசம்பர் இறுதியில் பிரிட்டனிலும் 2011 ஜனவரியில் அமெரிக்காவிலும்.

பணிமனை எழுதியது:

உங்கள் தம்பி சொல்வதில் பாதி சரி. படம் வட்டு விற்பதற்காகத்தான் எடுக்கப்பட்டது; அதை மறைக்க வேண்டிய தேவையே இல்லை. ஆனால் அந்தக் காரணமே படத்தின் வடிவத்தையும் கதையையும் எவ்வாறு தீர்மானித்தது என்பதைப் பார்த்தால், இரண்டாவது ஐயத்துக்கு விடை கிடைக்கும் என்று நினைக்கிறேன்.

பால் டபிள்யூ. எஸ். ஆண்டர்சன் இயக்கிய 2008ஆம் ஆண்டுப் படத்தின் தயாரிப்புச் செலவு ஏறத்தாழ 4.5 கோடி டாலர். உலகம் முழுவதும் திரையரங்குகளில் அது ஈட்டியது ஏறத்தாழ 7.5 கோடி டாலர். கேட்பதற்கு ஆதாயம் போலத் தோன்றினாலும், நுழைவுச்சீட்டுப் பணத்தில் ஏறக்குறையப் பாதி திரையரங்குகளுக்கே போய்விடும் என்பதையும், விளம்பரத்துக்கும் வெளியீட்டுக்கும் ஆகும் செலவு தயாரிப்புச் செலவில் அடங்காது என்பதையும் சேர்த்துக் கணக்கிட்டால், திரையரங்கில் அது கையைக் கடித்த படம் என்பது தெரியும். ஸ்டேதமை மீண்டும் அழைத்து, அதே அளவு பணத்தைக் கொட்டி, இரண்டாவது படத்தைத் திரையரங்குக்குக் கொண்டுவர எந்தக் கணக்கும் இடம் கொடுக்காது. ஆனால் அந்த ஆண்டுகளில் அமெரிக்க வீடுகளில் டிவிடி இன்னும் நன்றாகவே விற்றுக்கொண்டிருந்தது. கடை அலமாரியில் ஓர் அட்டையைப் பார்ப்பவருக்குப் பெயர் தெரிந்திருந்தால் போதும், கை தானாக அதை எடுக்கும். விளம்பரத்துக்கான பெருஞ்செலவை முதற்படமே ஏற்கெனவே செய்துவிட்டது.

யுனிவர்சல் நிறுவனம் இந்த முறையை அப்போது தொடர்ந்து கையாண்டு வந்தது. 2008இல் வந்த ஸ்கார்பியன் கிங் 2, 2010இல் வந்த ஸ்மோக்கின் ஏசஸ் 2 ஆகிய இரண்டுமே நேரடியாக வட்டில் வந்தவை, இரண்டுமே முன்கதைகள். ஏன் எப்போதும் முன்கதை? தொடர்ச்சியாகக் கதை சொன்னால் முதற்படத்தின் நட்சத்திரம் வேண்டும். முன்கதை சொன்னால் இளவயதுக்கு வேறு முகம் போதும், அல்லது முற்றிலும் வேறு மனிதர்களே போதும். டெத் ரேஸுக்கு இதைவிடச் சிறந்த வசதி ஒன்று அமைந்திருந்தது. அதன் மிகப் புகழ்பெற்ற பாத்திரம் முகமே இல்லாத ஒருவன்! முகமூடி அணிந்த நாயகனுக்கு எந்த நடிகரும் பொருந்துவார் என்ற சிக்கனக் கணக்கிலிருந்துதான், அந்த முகமூடியை முதலில் அணிந்தவன் யார் என்ற கதையே பிறந்திருக்க வேண்டும் என்பது என் ஊகம். மேலே பழையசுருள் சொன்ன 1975ஆம் ஆண்டுப் படத்திலும் இதே நியாயம் கதைக்குள்ளேயே இருக்கிறது. ஓட்டுநர் செத்தாலும் பெயர் சாகக் கூடாது என்று அங்கே அரசு நினைக்கிறது, இங்கே தயாரிப்பு நிறுவனம் நினைக்கிறது.

செலவைக் குறைத்த விதத்தையும் கவனியுங்கள். முதற்படம் கனடாவின் மான்ட்ரியலில், இரும்பும் துருவுமாகக் கிடந்த பழைய ரயில் பணிமனை வளாகத்தில் எடுக்கப்பட்டது. அந்த இடத்தின் பழுப்பும் சாம்பலும் படம் முழுவதும் அப்பிக் கிடக்கும். முன்கதை தென்னாப்பிரிக்காவின் கேப் டவுனில் எடுக்கப்பட்டது. அங்கே வெயில் கடுமையானது, நிழல்கள் கூர்மையானவை. சிறைத்தீவின் தோற்றமே மாறிவிட்டதை இரண்டையும் அடுத்தடுத்துப் பார்த்த நீங்கள் உணர்ந்திருப்பீர்கள். ரூல் ரைனே நெதர்லாந்துக்காரர். தன் படங்கள் பலவற்றில் ஒளிப்பதிவையும் தானே செய்பவர். இத்தகைய இயக்குநர் கிடைத்தால் படப்பிடிப்பு விரைவாக நகரும். கதையை எழுதியவர்கள் ஆண்டர்சனும் டோனி ஜிக்லியோவும், திரைக்கதை ஜிக்லியோவுடையது.

நடிகர் தேர்வில் எனக்கு மிகவும் பிடித்த நுணுக்கம் ஒன்று உண்டு. ஷான் பீன் நடித்த மார்கஸ் கேன் என்ற கும்பல் தலைவன் சிறைக்கு வெளியே இருப்பவன். லூகாஸ் அவனிடம் கார் ஓட்டியவன். வங்கிக் கொள்ளை ஒன்று தவறிப்போய், ஒரு காவலரைச் சுட்டுக் கொன்றுவிட்டுப் பிடிபடுகிறான். அவன் வாய்திறந்துவிடுவானோ என்று அஞ்சி, சிறைக்குள்ளேயே அவனைத் தீர்த்துக்கட்டக் கேன் பணம் அறிவிக்கிறான். இந்தக் கிளைக்கதை மையக் கதையிலிருந்து தனியே நிற்பதால், புகழ்பெற்ற நடிகர் ஒருவரை மற்றவர்களோடு நாள்கணக்கில் காத்திருக்க வைக்காமல் படமாக்க முடியும். வட்டின் அட்டையில் அவருடைய பெயர் இருக்கும்; படத்திலும் அவர் வெறும் பெயராக இல்லாமல், லூகாஸின் கழுத்தில் தொங்கும் கத்தியாக இருப்பார். சிக்கனமும் கதையும் இவ்வளவு இயல்பாகக் கைகோத்துப் போவதை நான் பெரும்பொருட்செலவுப் படங்களில்கூட அதிகம் பார்த்ததில்லை.

பந்தயக் காட்சிகள் முதற்படத்தின் தரத்துக்கு வரவில்லை என்பதை மறுக்க மாட்டேன். முதற்படத்தில் பெரும்பாலும் உண்மையான கார்களையே மோதவிட்டு எடுத்தார்கள். ஃபிராங்கன்ஸ்டைனின் ஃபோர்டு மஸ்டாங்கின் பின்புறத்தைக் காக்கும், கல்லறைக் கல் என்று பெயரிடப்பட்ட அந்தத் தடித்த இரும்புத் தகடு கழன்று விழும்போது, அதன் எடையை நம் நெஞ்சில் உணர்வோம். முன்கதையில் அந்த எடை குறைவு. வெட்டுகள் விரைவாக வருகின்றன, காமிரா தரையோடு தரையாகப் பாய்கிறது, ஆனாலும் தெருவில் எத்தனை கார்கள் எங்கெங்கே இருக்கின்றன என்பது பல இடங்களில் பிடிபடுவதில்லை.

வெண்கலமணி எழுதியது:

கூண்டுச் சண்டைகள் ஏன் உங்களைக் கூடுதலாகக் கலக்கின என்ற கேள்விக்கு யாரும் இன்னும் விடை சொல்லவில்லை. எனக்கு அதுதான் இந்த இழையின் முதன்மையான கேள்வியாகத் தெரிகிறது.

2008ஆம் ஆண்டுப் படத்தின் தொடக்க வாசகங்களை நினைவுபடுத்திக்கொள்ளுங்கள். 2012இல் அமெரிக்கப் பொருளாதாரம் சரிகிறது, குற்றங்கள் பெருகுகின்றன, தனியார் நிறுவனங்கள் ஆதாயத்துக்காகச் சிறைகளை நடத்துகின்றன; டெர்மினல் ஐலண்ட் சிறையில் நடக்கும் கூண்டுச் சண்டைகள் இணையத்தில் நேரலையாகின்றன; பண்டைய உரோமின் கூட்டத்தைப் போலவே பார்வையாளர்களுக்கு அதுவும் சலித்துப்போகிறது, இன்னும் வேண்டும் என்கிறார்கள்; மரணப் பந்தயம் பிறக்கிறது. சில வினாடிகளில் எழுத்தாக ஓடி மறைந்த இந்தச் செய்திதான் டெத் ரேஸ் 2 படத்தின் முழுக் கதை. அதாவது, முன்கதை சொல்வது ஃபிராங்கன்ஸ்டைனின் வரலாற்றை மட்டுமன்று; சலிப்பு என்ற ஒன்று எவ்வாறு கொலையைப் படிப்படியாகப் பெரிதாக்குகிறது என்பதையும் அது சொல்கிறது. முடிவு தெரிந்திருப்பது இங்கே குறையாகாது. அந்த முடிவை நோக்கி ஒவ்வொரு படியிலும் யார், எந்த அறையில், எந்தக் கணக்கைப் பார்த்து முடிவெடுத்தார்கள் என்பதைப் பார்ப்பதற்குத்தான் படம் இருக்கிறது.

லாரன் கோஹன் நடித்த செப்டம்பர் ஜோன்ஸ் அந்தக் கணக்கின் முகம். வேலேண்ட் நிறுவனத்துக்காக மரணச் சண்டை என்ற நேரலை நிகழ்ச்சியை நடத்துபவள் அவள். இரண்டு கைதிகள் கூண்டுக்குள் விடப்படுகிறார்கள். தரையில் பதித்த தகடுகளில் கால் வைத்தால் ஆயுதமோ தற்காப்புப் பொருளோ கிடைக்கும். ஒருவன் சாகும்வரை அல்லது பணியும்வரை சண்டை நடக்கும். இந்தத் தகடுகளை நன்றாகக் கவனியுங்கள். 2008ஆம் ஆண்டுப் படத்தில் பந்தயத் தடத்தில் ஒளிரும் வட்டங்கள் வருகின்றன அல்லவா? வாள் பொறித்த வட்டத்தின் மேல் கார் ஏறினால் துப்பாக்கிகள் இயங்கும், கேடயம் பொறித்தது தற்காப்பைத் தரும், மண்டையோடு பொறித்தது தரையிலிருந்து பொறியைக் கிளப்பும். அந்த வட்டங்களின் மூதாதைதான் கூண்டுத் தரையிலுள்ள தகடு. கணினி விளையாட்டைப் போன்ற ஒரு விந்தையாக மட்டும் முதற்படத்தில் தோன்றிய ஒன்றுக்கு, முன்கதை பிறப்பிடம் கொடுத்துவிடுகிறது. மனிதன் காலால் மிதித்ததைப் பிறகு சக்கரம் மிதிக்கிறது.

உங்களைக் கலக்கியது இதுதான் என்று எண்ணுகிறேன். காருக்குள் இருக்கும் மனிதனை இரும்பு மூடியிருக்கிறது. கார் சிதறும்போது நாம் பார்ப்பது தீயையும் தகரத்தையும். கூண்டுக்குள் இருப்பவனை எதுவும் மூடியிருப்பதில்லை. அவன் அடுத்த தகட்டை எட்டுவதற்குள் விழப்போகிறான் என்பதை அவன் முகத்திலேயே பார்க்கிறோம். பந்தயத்தின் அடியில் மறைந்துகிடக்கும் உண்மையை அந்தக் காட்சிகள் ஒளிக்காமல் காட்டுகின்றன. கூண்டில் தொடங்கும் மோதல் கலவரமாக வெடித்து, அதன் பிறகே செப்டம்பர் கார்களை நோக்கித் திரும்புகிறாள் என்பதையும் எண்ணிப் பாருங்கள். இரும்பு வந்து மூடியதும் பார்ப்பவருக்குக் கொலை எளிதாகிவிடுகிறது.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். 1975ஆம் ஆண்டுப் படத்தில் பந்தயத்தை நடத்துவது அரசு. கண்டத்தின் ஒரு முனையிலிருந்து மறுமுனை வரை ஓட்டிச் செல்லும் ஓட்டுநர்கள் சாலையில் நடப்பவர்களைக் கொன்று புள்ளி சேர்க்கிறார்கள், இறுதியில் எதிரி குடியரசுத் தலைவர்தான். 2008க்கு வரும்போது அந்த இடத்தில் ஒரு நிறுவனம் வந்து அமர்ந்துவிட்டது. இடையில் அமெரிக்காவில் நடந்ததைப் பார்த்தால் காரணம் தெரியும். கரெக்‌ஷன்ஸ் கார்ப்பரேஷன் ஆஃப் அமெரிக்கா என்ற தனியார் சிறை நிறுவனம் 1983இல் டென்னசி மாநிலத்தில் தொடங்கப்பட்டது. கைதி ஒருவருக்கு நாளொன்றுக்கு இவ்வளவு என்று அரசிடம் பணம் பெற்றுச் சிறை நடத்தும் தொழில் அதன் பிறகு வளர்ந்தது. அதற்கும் முன்பே, அடிமைமுறையை ஒழித்த 1865ஆம் ஆண்டின் பதின்மூன்றாவது சட்டத் திருத்தம், குற்றத்துக்கான தண்டனையாக விதிக்கப்படும் கட்டாய உழைப்புக்கு விலக்களித்திருந்தது. ஒரு கைதியின் உடல் யாருக்கு ஆதாயம் தரலாம் என்ற கேள்வி அந்நாட்டில் கற்பனையன்று. அதனால்தான் வேலேண்ட் நிறுவனத்தின் கூட்டங்களில் சந்தாதாரர் எண்ணிக்கையைப் பற்றி அவர்கள் அமைதியாகப் பேசும் காட்சிகள், துப்பாக்கி முழங்கும் காட்சிகளைவிட எனக்கு அச்சமூட்டுகின்றன.

நிலாமுற்றம் எழுதியது:

மூவருக்கும் நன்றி. தொடக்க வாசகங்களே முன்கதையின் கதைச்சுருக்கம் என்பதைப் படித்ததும் எழுந்துபோய் வட்டை மீண்டும் போட்டுப் பார்த்தேன், அப்படியேதான் இருக்கிறது. தகடுகளைப் பற்றிய விளக்கமும் எனக்குப் புதியது.

ஆனாலும் ஒன்று உறுத்துகிறது. பார்வையாளர்களின் கொலைப்பசியைக் குற்றம் சொல்லும் இந்தப் படம், அதே பசிக்குத்தானே தீனி போடுகிறது? பக்கத்து இருக்கையில் அமரும் வழிகாட்டிகளாகப் பெண் கைதிகள் சிறைக்குள் வரும் காட்சியை எடுத்துக்கொள்ளுங்கள். அவர்களைக் கொண்டுவருவது பார்வையாளர் எண்ணிக்கையைக் கூட்டுவதற்காகத்தான் என்று கதை சொல்கிறது. ஆனால் காமிரா அவர்கள்மேல் மெதுவாக ஊர்ந்து அதே வேலையைத்தான் செய்கிறது. டேனிட் ஃபீனிக்ஸ் நடித்த கட்ரினாவுக்குப் பிறகு ஓரளவு மதிப்பு கிடைக்கிறது. மற்றப் பெண்களுக்குப் பெயர்கூட நினைவில் நிற்பதில்லை. முடிவில் முகமூடி அணிந்து வரும் லூகாஸ் செப்டம்பர்மீது காரை ஏற்றும்போது, என் தம்பி கைதட்டினான். நானும் மகிழ்ந்தேன் என்பதை ஒப்புக்கொள்ள வேண்டும். அந்தக் கணத்தில் நாங்கள் இருவரும் அவளுடைய சந்தாதாரர்களாக இருந்தோம் என்பதைப் பிறகுதான் உணர்ந்தேன்.

பழையசுருள் எழுதியது:

நீங்கள் சொல்லும் குற்றச்சாட்டை நான் முழுமையாக ஏற்கிறேன். பெண் கைதிகள் வரும் காட்சி 2008ஆம் ஆண்டுப் படத்திலேயே இப்படித்தான் எடுக்கப்பட்டது. முன்கதை அதை அப்படியே மறுபடி செய்கிறது, கூடுதலாகவும் செய்கிறது. ஒரு தவறைச் சுட்டிக்காட்டிக்கொண்டே அதைச் செய்வதால் அது விமர்சனமாகிவிடாது. 1975ஆம் ஆண்டுப் படத்துக்கு இந்தச் சிக்கல் குறைவாக இருந்ததற்குக் காரணம், அங்கே வன்முறை வேண்டுமென்றே கேலிச்சித்திரமாக வரையப்பட்டிருந்தது. முதியவரைக் கொன்றால் இத்தனை புள்ளி, குழந்தையைக் கொன்றால் இத்தனை என்று அறிவிப்பாளர் உற்சாகமாகப் படிக்கும்போது, சிரிப்பு தொண்டையில் சிக்கும். 2008க்குப் பிறகு வந்தவை அந்தக் கேலியைக் கைவிட்டு இரும்பையும் இரத்தத்தையும் உண்மைபோலக் காட்டத் தொடங்கின. உண்மைபோலக் காட்டினால் பார்ப்பவர் ஒரு பக்கம் சேர்ந்தே ஆக வேண்டும். சேர்ந்தால் கைதட்டவும் வேண்டியிருக்கும்.

வெண்கலமணி எழுதியது:

அதில் எனக்குக் கொஞ்சம் மாற்றுக் கருத்து உண்டு. செப்டம்பரின் மரணத்தில் நாம் மகிழ்வதைப் படம் அறிந்தே செய்திருக்கிறது என்று சொல்லும் அளவுக்குப் போக மாட்டேன். ஆனால் அவளை வெறும் கொடியவளாகப் படம் விட்டுவிடவில்லை. அவள் முன்னாள் அழகிப் போட்டி வெற்றியாளர்; அவப்பெயரால் அந்த மகுடத்தை இழந்தவள். தன் உடலைக் கூட்டத்தின்முன் நிறுத்திப் பெயர் பெற்று, அதே கூட்டத்தால் கைவிடப்பட்டவள், இப்போது பிறருடைய உடல்களை அதே கூட்டத்தின்முன் நிறுத்துகிறாள். எழுத்தாளர்கள் இந்தக் குறிப்பைக் கொடுத்துவிட்டு மேலும் தோண்டாமல் போனது எனக்குப் பெரிய வருத்தம். இந்தப் படத்துக்கு இன்னும் இருபது நிமிடம் கூடுதலாகக் கிடைத்திருந்தால், அதை ஒரு காருக்கும் கொடுக்காமல் முழுவதையும் அவளுக்கே கொடுத்திருக்க வேண்டும் என்பேன்.

2008ஆம் ஆண்டுப் படத்தில் ஜோன் ஆலன் நடித்த சிறைக் கண்காணிப்பாளர் ஹென்னெஸியோடு அவளை ஒப்பிட்டுப் பாருங்கள். ஹென்னெஸிக்குப் பந்தயம் ஏற்கெனவே நடந்துகொண்டிருக்கும் ஒரு நிர்வாகம். குரலை உயர்த்தாமல், தலைமுடி கலையாமல், ஆட்களைச் சாவுக்கு அனுப்புகிறார். செப்டம்பரிடம் இன்னும் பதற்றம் இருக்கிறது, பசி இருக்கிறது. பந்தயத்தைக் கண்டுபிடித்தவளிடமிருந்து அதை நடத்துபவரிடம் அது கைமாறும்போது அந்தப் பதற்றம்கூட இல்லாமல் போய்விடுவதை இரண்டு படங்களையும் சேர்த்துப் பார்க்கும்போதுதான் உணர முடிகிறது.

பணிமனை எழுதியது:

எந்த வரிசையில் பார்ப்பது என்று யாரேனும் பிறகு வந்து கேட்கக்கூடும் என்பதால் இதையும் இங்கேயே எழுதிவிடுகிறேன். 2008ஆம் ஆண்டுப் படம், பிறகு இரண்டாவது, பிறகு மூன்றாவது, அதன் பிறகு மீண்டும் 2008ஆம் ஆண்டுப் படத்தின் தொடக்கப் பந்தயம் மட்டும் என்று பார்ப்பதையே நான் பரிந்துரைப்பேன். கதைக் காலப்படி முதலிலிருந்து பார்த்தால், முகமூடிக்குள் இருப்பவன் யார் என்ற கேள்வி எழுவதற்கு முன்பே விடை கிடைத்துவிடும். 2018இல் வெளிவந்த பியாண்ட் அனார்க்கி இவற்றுக்குப் பிந்தைய கதை. வேறு இயக்குநர், வேறு நாயகன். அதை விருப்பம்போலப் பார்க்கலாம், பார்க்காமலும் விடலாம். 2017இல் கார்மனின் தயாரிப்பில் வந்த டெத் ரேஸ் 2050, 1975ஆம் ஆண்டுப் படத்தின் வழியில் போவது என்பதால் அதை அந்தப் படத்தோடு சேர்த்துப் பார்ப்பதுதான் பொருத்தம்.

மூன்றையும் பார்க்கும்போது ஒரு மனிதரை மட்டும் விடாமல் கவனித்து வாருங்கள். எதிரி ஓட்டுநர்களின் விவரங்களை ஒரே மூச்சில் ஒப்பிக்கும் லிஸ்ட்ஸ் என்ற கைதியாக ஃபிரெட் கோலர் மூன்று படங்களிலும் நடித்திருக்கிறார். 14கே என்ற ஓட்டுநராக வரும் ராபின் ஷூவும் 2008ஆம் ஆண்டுப் படத்திலிருந்து முன்கதைக்கு வந்தவர்தான். முதற்படத்தில் சிரிப்புக்காக வைக்கப்பட்ட துணைப்பாத்திரம் போலத் தோன்றும் லிஸ்ட்ஸ், இந்த வரிசையில் பார்த்தால் முகமூடி கைமாறிய வரலாற்றோடு கடைசிவரை உடனிருந்தவராகத் தெரிவார். நிலாமுற்றம், உங்கள் தம்பியிடம் அவரைப் பற்றிச் சொல்லிப் பாருங்கள். மூன்றாவது படத்தைப் பார்க்க அவர் சம்மதித்தால், யார்க்கின் முடிவைப் பற்றி அவர் என்ன சொல்கிறார் என்பதை இங்கே எழுதுங்கள்.